புரூனோ கான்ட்ஸ்: சொல்லுக்கு உழைத்த நடிகர்

நடிப்புப் பயிற்சிக்கு வருகிறவர்களில் பலரும் முதலில் சொல்லும் குறை குரலைப் பற்றியது. கணீரென்று இல்லை, கடைசி வரிசைக்குக் கேட்பதில்லை, ஏற்ற இறக்கம் வரவில்லை என்பார்கள். இவற்றுக்கெல்லாம் மருந்து உண்டு. மூச்சை அடிவயிற்றுக்கு இறக்கலாம், தாடையைத் தளர்த்தலாம், தினம் வாய்விட்டுப் படிக்கலாம். ஒழுங்காகச் செய்தால் சில மாதங்களில் குரல் கேட்கத் தொடங்கிவிடும். அதன் பிறகுதான் உண்மையான சிக்கல் தெரியவரும். வசனம் தெளிவாகக் கேட்கிறது, ஆனால் நம்பும்படி இல்லை. மனப்பாடம் செய்ததை ஒப்பிக்கிறார் என்பது இரண்டாவது வரியிலேயே பார்வையாளருக்குப் புரிந்துவிடுகிறது.

அந்தக் கட்டத்தில் நான் எல்லோரையும் பார்க்கச் சொல்லும் நடிகர் புரூனோ கான்ட்ஸ். ஜெர்மன் மொழி மேடையும் திரையும் தந்த பெரும் கலைஞர்களில் ஒருவர். 1941 மார்ச் 22 அன்று சூரிச்சில் பிறந்து, 2019 பிப்ரவரி 16 அன்று அந்த ஊருக்கு அருகிலேயே மறைந்தவர். ஜெர்மன் தெரியாதவர்களுக்கும் அவரைப் பரிந்துரைக்கிறேன். மொழி தெரியாமல் பார்க்கும்போது அவர் செய்வது இன்னும் துலக்கமாகத் தெரிகிறது என்பது என் அனுபவம். அவருடைய பாத்திரங்கள் எவையும் பேச்சைத் தயாராக வைத்துக்கொண்டு காட்சிக்குள் வருவதில்லை. ஏதோ ஒன்று அவரை நெருக்குகிறது, உடம்பு அதை வாங்கிக்கொள்கிறது, அதன் பிறகே சொல் வருகிறது. சொல்லை அவர் ஒவ்வொரு முறையும் உழைத்துப் பெற்றார். அவருடைய தொழில் வாழ்க்கை முழுவதையும் இந்த ஒரு நோக்கில் படித்துவிடலாம் என்பதே இக்கட்டுரையில் நான் சொல்ல வருவது.

அவர் பிறந்த வீட்டிலிருந்தே தொடங்கலாம். அப்பா சுவிஸ் நாட்டவர், மெக்கானிக். அம்மா வடக்கு இத்தாலியிலிருந்து வந்தவர். சூரிச்சில் வீட்டிலும் கடைத்தெருவிலும் புழங்குவது சுவிஸ் ஜெர்மன். பாடப்புத்தகம், செய்தித்தாள், மேடை எல்லாம் எழுத்து ஜெர்மன். இரண்டுக்கும் இடையிலுள்ள தூரத்தைத் தமிழர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. ஷேக்ஸ்பியரையும் கதேயையும் ஜெர்மன் மேடையில் பேச வந்த சுவிஸ் இளைஞனுக்கு மேடை மொழி வாயில் தானாக ஊறி வரவில்லை. கற்றுத்தான் பேச வேண்டியிருந்தது. அவர் பேச்சில் கடைசிவரை இருந்த கவனத்துக்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். தாய்ப்பாலோடு வந்த மொழியில் நாம் கவனிக்காமல் தாண்டிப்போகும் இடங்களில் அவர் நின்றார்.

பள்ளிப் படிப்பை முடிக்காமல் நடிப்புக்கு வந்தவர். புத்தகக் கடையில் வேலை பார்த்தார், நோயாளிகளுக்கு முதலுதவி செய்யும் பணியிலும் இருந்தார். 1960களின் தொடக்கத்தில் ஜெர்மனியின் கோட்டிங்கன் நகரில் ஒரு சிறு நாடகக் குழுவில் சேர்ந்தார். 1964இல் பிரெமன் நகர அரங்குக்குப் போனதுதான் திருப்பம். அங்கே கூர்ட் ஹ்யூப்னர் என்ற இயக்குநர் தலைமையில் போருக்குப் பிந்தைய ஜெர்மன் நாடகத்தின் அடுத்த தலைமுறை திரண்டுகொண்டிருந்தது. 1965இல் ஹ்யூப்னர் இயக்கத்தில் கான்ட்ஸ் ஹாம்லெட்டாக நடித்தார். அப்போது வயது 24. நான்காண்டுகள் கழித்து இளம் இயக்குநர் பீட்டர் ஷ்டைன் அதே பிரெமனில் கதேயின் ‘டோர்குவாட்டோ டாஸ்ஸோ’வை மேடையேற்றினார். அரண்மனையில் வைத்துச் சீராட்டப்படும் கவிஞன் டாஸ்ஸோ. அதிகாரத்துக்குத் தான் ஓர் அலங்காரம் மட்டும்தானோ என்ற கேள்வி அவனைக் குடைகிறது. அரசு மானியத்தில் இயங்கும் அரங்குகளில் வேலை செய்த அந்தக் கலைஞர்களுக்கு இது அவர்களுடைய சொந்தக் கேள்வியாகவே இருந்தது. டாஸ்ஸோவாக நடித்தவர் கான்ட்ஸ்.

அந்தக் கேள்விக்கு விடையாக அவர்கள் ஒரு நாடக அரங்கையே உருவாக்கினார்கள். 1970இல் மேற்கு பெர்லினில் ஷௌப்யூனே அரங்கு புதிய அமைப்பில் தொடங்கியது. ஷ்டைன், கான்ட்ஸ், எடித் கிளெவர், யுட்டா லாம்பே முதலானவர்கள் அதன் மையம். எந்த நாடகத்தைப் போடுவது, எப்படிப் போடுவது என்பதில் நடிகர்களுக்கும் தொழில்நுட்பப் பணியாளர்களுக்கும் வாக்கு இருந்தது. கூட்டங்களில் பேசியதெல்லாம் பதிவு செய்யப்பட்டது. ஒரு நாடகத்தை எடுத்தால் அந்தக் காலத்தின் வரலாறு, பொருளாதாரம், ஓவியம் எல்லாவற்றையும் நடிகர்களே உட்கார்ந்து படித்தார்கள். ஒத்திகை என்பது எழுந்து நிற்பதற்கு வெகுமுன்பே மேசையைச் சுற்றித் தொடங்கிவிட்டது.

நம் ஊர்க் குழுக்களில் மேசை வாசிப்பை ஒரு சடங்காக முடித்துவிட்டு, ‘பிளாக்கிங்’ போட ஓடுகிறோம். ஷௌப்யூனேயின் வழக்கம் எனக்குக் கற்றுத்தந்தது இதுதான்: ஒரு வாக்கியம் ஏன் எழுதப்பட்டது என்பது நடிகனுக்குத் தெரியாவிட்டால், அதை எந்த மூலையில் நின்று சொன்னாலும் அது அந்தரத்தில்தான் தொங்கும். 1971இல் அவர்கள் இப்சனின் ‘பேர் கிந்த்’தை இரண்டு மாலைகளாகப் பிரித்து நடத்தினார்கள். கதாநாயகனாக ஒருவர் பின் ஒருவராக ஆறு நடிகர்கள். கான்ட்ஸ் அவர்களில் ஒருவர். ஹாம்லெட்டாக நடித்து முடித்த ஒருவர், ஒரு பாத்திரத்தின் ஆறில் ஒரு பங்கை ஏற்கிறார். நாயகன் என்ற நாற்காலியை விட்டு இறங்கி, பாத்திரத்தை மட்டும் சுமக்கக் கற்ற இடம் அது. அடுத்த ஆண்டு கிளைஸ்டின் ‘ஹோம்புர்க் இளவரசன்’. கனவில் நடக்கும் வீரன். 1974இல் கிளவ்ஸ் மிஷாயேல் குரூபர் இயக்கிய யூரிப்பிடிஸின் ‘பாக்கெய்’ நாடகத்தில் பெந்தியுஸ். 1975இல் அதே குரூபரோடு ஹெல்டர்லினின் எம்பெடோக்ளிஸ். ஹெல்டர்லினின் கவிதைகளை அவர் வாழ்நாள் முழுதும் மேடையில் வாசித்தும் ஒலிப்பதிவு செய்தும் வந்தார். ஜெர்மன் மொழியிலேயே மிகக் கடினமான வாக்கிய அமைப்பு உள்ள கவிஞர் அவர். அந்த வாக்கியங்களை உணர்ச்சியால் மெழுகிவிடாமல், எந்தச் சொல் எதைத் தாங்குகிறது என்று காட்டியபடி படிப்பார் கான்ட்ஸ்.

இந்தக் காலத்தின் ஒரு வேடத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் நின்று பார்க்க வேண்டும். 1972இல் சால்ஸ்பர்க் விழாவில் தாமஸ் பெர்ன்ஹார்டின் ‘அறிவிலியும் பித்தனும்’ அரங்கேறியது. இயக்கம் கிளவ்ஸ் பைமன். ஓர் ஒபெரா பாடகியின் ஒப்பனை அறையில் அவளுடைய தந்தையும் ஒரு மருத்துவரும் காத்திருக்கிறார்கள். அவள் மோட்ஸார்ட்டின் இரவு ராணியாகப் பாட வேண்டியவள், இன்னும் வந்து சேரவில்லை. காத்திருக்கும் நேரமெல்லாம் மருத்துவர் பிணப் பரிசோதனையை விவரித்துக்கொண்டே போகிறார். மண்டையோட்டைத் திறப்பது எப்படி, எந்த உறுப்பை எந்த வரிசையில் எடுப்பது, எங்கே கத்தி வைப்பது என்று மருத்துவக் கலைச்சொற்களாக அடுக்கிச் செல்லும் நீண்ட நீண்ட பேச்சு. மருத்துவராக நடித்தவர் கான்ட்ஸ்.

நடிகனுக்கு இதைவிடப் பெரிய சோதனை கிடையாது. சொற்களில் உணர்ச்சி இல்லை. கதையும் நகரவில்லை. சொல்பவர் ஏன் சொல்கிறார் என்பதை எழுத்தாளர் வசனத்தில் வைக்கவே இல்லை. நடிகன் தன் உடம்பிலிருந்துதான் அதைக் கொண்டுவர வேண்டும். என் வகுப்பில் இதை ஒரு பயிற்சியாக்கியிருக்கிறேன். மருந்துச் சீட்டிலுள்ள குறிப்புகளையோ பம்புசெட் பொருத்தும் வழிமுறையையோ கையில் கொடுத்து, எதிரே இருப்பவர் எழுந்து போய்விடாமல் இதைச் சொல்லிப் பிடித்துவை என்பேன். உணர்ச்சி வசனத்தில் பிரமாதமாக அழுபவர்கள் இங்கே திணறுவார்கள். திணறி முடித்தவுடன் ஒன்று புரியும். பேச்சின் வேகத்தைத் தீர்மானிப்பது எதிரே இருப்பவரின் முகமும் அந்த அறையின் நேரமும்தான்.

அந்த நாடகம் சால்ஸ்பர்கில் ஒரே ஒருமுறைதான் நடந்தது. இறுதியில் அரங்கு முழு இருளில் மூழ்க வேண்டும், அவசர விளக்குகளும் அணைய வேண்டும் என்று நாடகக் குழு கேட்டிருந்தது. அரங்கேற்றத்தன்று விளக்குகள் அணைக்கப்படவில்லை. குழுவினர் அடுத்த நிகழ்ச்சிக்கு மேடையேற மறுத்தார்கள். பெரிய சர்ச்சையாயிற்று. இரண்டு நிமிட இருட்டுக்காக இவ்வளவா என்று கேட்பவர்கள் உண்டு. இவ்வளவு நீளப் பேச்சும் கடைசியில் எங்கே போய் விழ வேண்டும் என்பதை அந்த இருட்டுதான் முடிவு செய்கிறது. மேடையில் உழைத்தவர்களுக்கு அது விளங்கும். பெர்ன்ஹார்ட் தன் அடுத்த நாடகங்களில் ஒன்றான ‘வேட்டைக் குழு’வை கான்ட்ஸுக்குக் காணிக்கையாக்கினார்.

1970களின் நடுவில் திரைப்படம் அவரை இழுத்துக்கொண்டது. எரிக் ரோமர் 1976இல் எடுத்த ‘மார்க்கீஸ் ஆஃப் ஓ’வில் எடித் கிளெவருக்கு எதிரே ரஷ்யப் பிரபுவாக நடித்தார். மறு ஆண்டு விம் வெண்டர்ஸின் ‘அமெரிக்க நண்பன்’. பட்ரீசியா ஹைஸ்மித்தின் நாவலைத் தழுவிய படம். ஹாம்பர்கில் படங்களுக்குச் சட்டம் போடும் தொழிலாளி யோனத்தான். ரத்த நோய் அவனை அரித்துக்கொண்டிருக்கிறது. சாவு நெருங்கிவிட்டது என்று நம்பவைத்து அவனைக் கொலைக்கு அனுப்புகிறார்கள். எதிரே நடித்தவர் டென்னிஸ் ஹாப்பர். ஒவ்வொரு அசைவையும் யோசித்துத் தயாரித்து வரும் ஷௌப்யூனே நடிகர் ஒருபுறம். அந்தக் கணத்தில் தோன்றியதைச் செய்துவிட்டுப் போகும் ஹாலிவுட் நடிகர் மறுபுறம். இருவருக்கும் படப்பிடிப்பில் கைகலப்பே ஆனதென்றும் பிறகு நெருங்கிய நண்பர்கள் ஆனார்கள் என்றும் வெண்டர்ஸ் சொல்லியிருக்கிறார். படத்தைப் பார்த்தால் அந்த உரசலின் பலன் தெரியும். பாரிஸ் மெட்ரோ ரயிலிலும் நிலையத்திலும் யோனத்தான் தன் இரையைப் பின்தொடரும் காட்சியில் கான்ட்ஸுக்கு ஏறக்குறைய வசனமே கிடையாது. கைதேர்ந்த கொலையாளியின் உடம்பு அவரிடம் இல்லை. காலை எங்கே வைப்பது, கண்ணை எங்கே வைப்பது என்று தெரியாமல் தடுமாறும் கைத்தொழிலாளியின் உடம்புதான் அந்த நிலையத்தில் நடமாடுகிறது. தயாரிப்பு முழுக்க இருக்கிறது, அது கண்ணுக்குத் தெரியவில்லை.

1978இல் வந்த ‘தலைக்குள் கத்தி’யை நடிப்பு மாணவர்களுக்குப் பாடநூல் என்றே சொல்வேன். ரைன்ஹார்ட் ஹவ்ஃப் இயக்கம், பீட்டர் ஷ்னைடர் திரைக்கதை. ஹோஃப்மன் என்ற விஞ்ஞானி தன்னைப் பிரிந்திருக்கும் மனைவியைத் தேடிப் போகும் இடத்தில் போலீஸ் சோதனை நடக்கிறது. தலையில் குண்டு பாய்கிறது. கண் விழிக்கும்போது உடம்பில் ஒரு பாதி ஓடவில்லை. பேச்சு போய்விட்டது. நினைவும் சிதறிவிட்டது. அவன் தங்கள் ஆளைக் கத்தியால் குத்தியவன் என்கிறது போலீஸ். அவன் அரச வன்முறையின் பலி என்கிறார்கள் இடதுசாரித் தோழர்கள். இரு தரப்புக்கும் அவனைப் பற்றிச் சொல்ல நிறைய இருக்கிறது. அவனுக்கு மட்டும் தன்னைப் பற்றிச் சொல்ல ஒரு சொல்கூட இல்லை.

கான்ட்ஸ் இதில் சொல்லைப் பூஜ்யத்திலிருந்து கட்டுகிறார். நோயாளி வேடம் என்றால் நடிகர்கள் குழறலைத்தான் முதலில் பிடிப்பார்கள். இவர் பிடித்தது முயற்சியை. ஒரு பொருளைக் கண் அடையாளம் காண்கிறது, வாய் அதை நோக்கிக் கிளம்புகிறது, வழியில் வேறொரு ஒலியில் இடறுகிறது. அது தவறு என்பதைச் சொல்பவனே கேட்டுவிடுகிறான். அந்த அரை நொடியில் முகத்தில் கோபமும் வெட்கமும் சேர்ந்து ஓடுகின்றன. கிடைத்த சொல்லைக் கைவிட மனமில்லாமல் அதையே திரும்பச் சொல்லிப் பார்க்கிறான். பிறகு படிப்படியாக வாக்கியம் தேறும்போது கூடவே தந்திரமும் தேறுகிறது. தனக்குத் தெரிந்ததைவிடக் குறைவாகக் காட்டிக்கொள்ளவும் அவன் கற்றுக்கொள்கிறான். பேச்சு வந்தவுடன் மனிதனுக்கு ஒளிக்கும் திறனும் வந்துவிடுகிறது என்பதை, எந்த வசனமும் அதைச் சொல்லாமல், ஒரு நடிகர் தன் தாடையையும் கண்ணையும் வைத்துக் காட்டிவிடுகிறார்.

ஒன்பது ஆண்டுகள் கழித்து ‘பெர்லின் மீது வானம்’. உலகம் ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ என்று அறிந்த படம். 1987இல் கானில் வெண்டர்ஸுக்குச் சிறந்த இயக்குநர் விருது வாங்கித் தந்தது. பிளவுண்ட பெர்லினில் மனிதர்களின் மனக்குரல்களைக் கேட்டபடி திரியும் தேவதூதன் டாமியேலாக கான்ட்ஸ், அவனுடைய தோழன் காசியேலாக ஓட்டோ சாண்டர். இருவரும் ஷௌப்யூனேயில் கூடி உழைத்தவர்கள். முழுமையான திரைக்கதை இல்லாமலேயே படப்பிடிப்பு தொடங்கியது. பீட்டர் ஹான்ட்கே எழுதித் தந்த சில பகுதிகள்தான் கையில் இருந்தன.

நடிகனாக யோசித்துப் பாருங்கள். தேவதூதனுக்கு எடை இல்லை, பசி இல்லை, பிடித்துக்கொள்ள ஒரு குறிக்கோள்கூடப் பாதிப் படம் வரை இல்லை. செய்ய வேண்டிய வேலை ஒன்றுதான்: கேட்பது. அரசு நூலகக் காட்சியில் வாசகர்களின் தோளருகே அவர் தலை சாயும் கோணத்தைக் கவனியுங்கள். ஆளுக்கு ஆள் அந்தச் சாய்வு மாறுகிறது. கேட்பவரின் முகத்தில் தீர்ப்பு இல்லை. பரிதாபமும் இல்லை. கேட்டது உள்ளே போய்ச் சேர்ந்தது என்பதற்கான ஒரு மிகச் சிறிய மலர்ச்சி மட்டும் உண்டு. மோட்டார் சைக்கிள் விபத்தில் சாலையோரம் கிடக்கும் மனிதன் சாகும் பயத்தில் இருக்கிறான். டாமியேல் பின்னாலிருந்து அவன் தலையை இரு கைகளாலும் தாங்கி, அவன் வாழ்வில் நேசித்தவற்றின் பெயர்களைச் சொல்லத் தொடங்குகிறான். கொஞ்சத்தில் அந்தச் சொற்களை அடிபட்டவனின் மனமே எடுத்துக்கொண்டு தொடர்கிறது. பேச்சு ஒருவரிடமிருந்து மற்றவருக்குக் கைமாறும் இதைப் போன்ற இடத்தை நான் வேறு படத்தில் பார்த்ததில்லை. எதிரில் இருப்பவர் எடுத்துக்கொள்ளும்படி சொல்வதுதான் வசனம் சொல்வது. இந்தக் காட்சிக்குப் பிறகு அதற்கு வேறு விளக்கம் தேவையில்லை.

டாமியேல் மனிதனாக விழுகிறான். படம் நிறம் பெறுகிறது. தலையில் பட்ட காயத்தில் கை வைத்து, ரத்தத்தைப் பார்த்து, ருசித்தும் பார்க்கிறான். வழியில் வந்த ஒருவரிடம் சுவர் ஓவியங்களைச் சுட்டி, இது என்ன நிறம், அது என்ன நிறம் என்று பெயர் கேட்கிறான். ‘தலைக்குள் கத்தி’யின் ஹோஃப்மன் சொல்லை இழந்து தேடியவன். இவன் சொல் தெரிந்திருந்தும் அதற்குரிய பொருளை இப்போதுதான் கண்ணால் காண்பவன். இரண்டு வேடத்திலும் நடிகர் செய்வது ஒரே வேலை, ஆனால் ஹோஃப்மனின் முகத்தில் இருந்த வலி இங்கே இல்லை. இங்கே இருப்பது பெரிய மனிதன் ஒருவனுடைய குழந்தைத்தனமான அவசரம். அதைக் கொஞ்சம் கூட்டியிருந்தாலும் அசட்டுத்தனமாகியிருக்கும். கான்ட்ஸ் கேள்விகளை மிகச் சாதாரணமாக, பஸ் எத்தனை மணிக்கு என்று கேட்பதுபோலக் கேட்கிறார்.

தேவதூதனாக அறிந்த அதே முகத்தை 2004இல் உலகம் ஹிட்லராகப் பார்த்தது. ஒலிவர் ஹிர்ஷ்பீகல் இயக்கிய ‘வீழ்ச்சி’. பெர்லின் நிலவறையில் ஹிட்லரின் கடைசி நாட்கள். வேடத்தை ஏற்க கான்ட்ஸ் தயங்கினார். 1955இல் பாப்ஸ்ட் எடுத்த படமொன்றில் அல்பின் ஸ்கோடா அதே வேடத்தைச் செய்திருந்ததைப் பார்த்த பிறகே இதை நேர்மையாக நடிக்க முடியும் என்ற நம்பிக்கை அவருக்கு வந்தது.

ஹிட்லர் என்றால் எல்லோர் காதிலும் இருப்பது பொதுக்கூட்டக் குரல். நடிப்பவர்கள் அதைத்தான் எடுப்பார்கள். கான்ட்ஸ் தேடிப் போனது வேறொன்றை. 1942 ஜூன் 4 அன்று பின்லாந்துத் தளபதி மன்னர்ஹைமின் 75ஆவது பிறந்தநாளுக்கு ஹிட்லர் சென்றபோது, ரயில் பெட்டியில் நடந்த உரையாடலை ஃபின்னிஷ் வானொலிப் பொறியாளர் ஒருவர் ரகசியமாகப் பதிவு செய்தார். பதினொரு நிமிடம் அளவிலானது. ஹிட்லர் கூட்டத்துக்காக அல்லாமல் இயல்பாகப் பேசும் குரல் கேட்கும் அரிய பதிவு. கனத்த, தாழ்ந்த, நிதானமான குரல். கான்ட்ஸ் அதை மறுபடி மறுபடி கேட்டுப் பயின்றார். மேல் ஆஸ்திரியாவின் வட்டார வாடையைப் பிடித்தார். கை நடுக்கத்துக்காகப் பார்க்கின்சன் நோயாளிகளை மருத்துவமனையில் போய்ப் பார்த்தார்.

பலன் முதல் காட்சியிலேயே தெரிகிறது. 1942இல் செயலாளர் வேலைக்கு வந்திருக்கும் இளம்பெண்ணிடம் மென்மையாகப் பேசுகிறார். அவள் தட்டச்சில் பதறித் தவறு செய்யும்போது கடிந்துகொள்ளாமல் மறுபடி தொடங்கலாம் என்கிறார். பார்க்கிற நமக்கு முதுகு சில்லிடுகிறது. அந்த மென்மை பொய்யாக இல்லாததுதான் பயங்கரம். மூன்றாண்டுகள் கழித்து அதே உடம்பு கூனிப் போயிருக்கிறது. சிறுவர்களுக்குப் பதக்கம் குத்தும்போது முதுகுக்குப் பின்னால் மறைத்த இடது கை தன்னிச்சையாக உதறிக்கொண்டிருக்கிறது.

வரைபட மேசைக் காட்சி இன்று இணையத்தில் கேலித் துணுக்குகளாக உலகம் சுற்றுகிறது. நான் அதை முழுசாக, அதன் மௌனங்களோடு போட்டுக் காட்டுவேன். எதிர்பார்த்த படைத் தாக்குதல் நடக்கவில்லை என்று தளபதிகள் சொல்கிறார்கள். பதில் இல்லை. நடுங்கும் கை மூக்குக்கண்ணாடியைக் கழற்றுகிறது. அதற்கு நேரம் எடுக்கிறது. யார் யார் அறையில் இருக்க வேண்டும் என்று தாழ்ந்த குரலில் சொல்கிறார். மற்றவர்கள் வெளியேறும் வரை காத்திருக்கிறார். அதன் பிறகுதான் வெடிப்பு. வெளியே தாழ்வாரத்தில் நிற்பவர்கள் கதவு வழியாக அதைக் கேட்டு நிற்கிறார்கள். அலறல் உச்சத்தில் முடிவதில்லை. மூச்சு தீர்ந்து, குரல் கரகரத்து, நாற்காலியில் சரிந்து, போர் தோற்றுவிட்டது என்பதை ஏறக்குறைய தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறார். கத்த வேண்டிய காட்சி கிடைத்தால் நம் நடிகர்கள் முதல் வரியிலேயே கத்திவிடுகிறார்கள். கத்தலுக்கு முன்னும் பின்னும் இருக்கும் தாழ்ந்த குரலை முதலில் ஒத்திகை பாருங்கள், நடுவில் உள்ளது தானே வரும் என்று நான் சொல்வது இந்தக் காட்சியிலிருந்து எடுத்ததுதான்.

இந்தப் படத்துக்கு எதிர்ப்பும் இருந்தது. அவரைத் தேவதூதன் ஆக்கிய வெண்டர்ஸே, படத்துக்கு ஒரு நிலைப்பாடு இல்லை என்று ஜெர்மன் வார இதழில் கடுமையாக எழுதினார். அந்த விவாதம் நியாயமானது. கொடுங்கோலனை மனிதனாகக் காட்டலாமா என்ற கேள்விக்கு நடிகனாக என் பதில் இது: அவன் மனிதன்தான் என்று தெரிந்தால்தான் மனிதர்கள் என்ன செய்யக்கூடியவர்கள் என்று தெரியும். அரக்கன் முகமூடியை மாட்டிவிட்டால் பார்வையாளர் நிம்மதியாக வீட்டுக்குப் போய்விடலாம். கான்ட்ஸ் அந்த நிம்மதியைத் தரவில்லை.

பிற மொழிகளில் அவர் செய்த இரண்டு வேடங்கள் எனக்கு மிகப் பிரியமானவை. சில்வியோ சோல்தினியின் இத்தாலியப் படம் ‘ரொட்டியும் துலிப் மலர்களும்’ 2000இல் வந்தது. வெனிஸில் உணவகப் பரிசாரகராக இருக்கும் ஐஸ்லாந்துக்காரர் பெர்னாண்டோ. பழைய காவிய நடையில் இத்தாலி பேசுவார். செந்தமிழில் காப்பி வேண்டுமா என்று கேட்கும் ஒருவரைக் கற்பனை செய்யுங்கள். எளிதில் நகைச்சுவை வாங்கித் தரும் வேடம். கான்ட்ஸ் சிரிப்புக்காக அதைப் பேசவில்லை. வாழ்க்கையை முடித்துக்கொள்ளத் தூக்குக்கயிறு தயாராக வைத்திருக்கும் தனியன், தன்னைக் கண்ணியமாக நிமிர்த்தி வைத்துக்கொள்ளப் பிடித்திருக்கும் கழி அந்த மொழி. அதனாலேயே சிரிக்கவும் முடிகிறது, மனமும் கனக்கிறது. இத்தாலியின் உயரிய திரைப்பட விருதான டேவிட் டி டோனடெல்லோ அவருக்குக் கிடைத்தது. அம்மாவின் மொழியில் வந்த விருது.

மற்றது தியோ ஆஞ்சலோபூலோஸின் ‘நித்தியமும் ஒரு நாளும்’. 1998இல் கானில் தங்கப்பனை வென்ற படம். சாவை எதிர்நோக்கும் கிரேக்க எழுத்தாளர் வேடம். படத்தில் கான்ட்ஸின் குரல் இல்லை. கிரேக்க நடிகர் ஒருவர் டப்பிங் பேசியிருக்கிறார். ஐரோப்பாவே போற்றிய குரல் கழற்றப்பட்ட பிறகும் அந்த நடிப்பு நிற்கிறது. காரணம், குரலுக்கு முன்னால் நடக்க வேண்டியதெல்லாம் உடம்பில் நடந்து முடிந்திருக்கிறது. அந்த வேடம் அவருக்கு வந்ததில் ஒரு பொருத்தமும் உண்டு. தாய்மொழி தெரியாமல் வளர்ந்து திரும்பிய பழைய கவிஞர் ஒருவர் மக்களிடம் காசு கொடுத்துச் சொற்களை வாங்கிய கதை அந்தப் படத்துக்குள் வருகிறது. எழுத்தாளரும் தன்னோடு வரும் அகதிச் சிறுவனிடமிருந்து சொற்களை வாங்குகிறார்.

‘ரொட்டியும் துலிப் மலர்களும்’ வந்த அதே 2000இல் மேடையில் அவர் சுமந்தது மலை. ஹானோவர் உலகக் கண்காட்சியில் ஷ்டைன், கதேயின் ‘ஃபவுஸ்ட்’ இரு பாகங்களையும் ஒரு வரி விடாமல் மேடையேற்றினார். 12,111 வரிகள். இடைவேளைகளும் சேர்ந்து இருபது மணி நேரத்துக்கு மேல், நாட்களாகப் பிரித்து நடந்தது. முதிய ஃபவுஸ்டாக கான்ட்ஸ். ஒத்திகையில் காயமடைந்ததால் தொடக்க நிகழ்ச்சிகளில் அவரால் நடிக்க முடியவில்லை. தேறிய பிறகு வந்து சேர்ந்துகொண்டார். ஏறக்குறைய அறுபது வயதில், காயம்பட்ட உடம்போடு, ஜெர்மானியப் பள்ளிப் பிள்ளைகளும் மனப்பாடமாக வைத்திருக்கும் வரிகளைப் புதிதாகச் சொல்ல வந்து நின்றார். படித்ததெல்லாம் வீண் என்று புலம்பும் அறிஞனின் தொடக்கப் பேச்சை அவர் பதிவில் கேட்கும்போது, அது முழங்குவதாக எனக்குத் தோன்றியதில்லை. கணக்குப் பார்த்துச் சலித்தவன் பேசுவதாகத்தான் கேட்கிறது. எல்லோருக்கும் தெரிந்த வரியைச் சொல்ல இதுவே வழி. வரியின் புகழை மறந்துவிட்டு, அதைச் சொல்பவனின் களைப்பிலிருந்து தொடங்க வேண்டும்.

ஜெர்மன் மொழி மேடையின் தலைசிறந்த கலைஞர் என்று கருதப்படுபவரிடம் வாழ்நாள் முழுதும் இருக்கும் இஃப்லாண்ட் மோதிரம் 1996இல் யோசெஃப் மைன்ராடின் உயில் மூலம் அவரிடம் வந்தது. அடுத்தவராக அவர் மனத்தில் வைத்திருந்த கெர்ட் ஃபோஸ் 2014இல் காலமானார். 2019இல் மோதிரம் யென்ஸ் ஹார்ட்ஸரிடம் போனது. கடைசி ஆண்டுகளிலும் அவர் ஓயவில்லை. ஹைடியின் மலைத் தாத்தா, சிக்மண்ட் பிராய்ட், லார்ஸ் வான் ட்ரியரின் படத்தில் நரகத்துக்கு வழிகாட்டும் வெர்ஜ் என்று வேடங்கள் வந்துகொண்டே இருந்தன. ஆறு பேரில் ஒருவராக நிற்கக் கற்றவர் என்பதால் சிறிய வேடம் அவருக்குச் சிறுமையாகத் தோன்றவில்லை.

நடிக்க வருகிறவர்களுக்கு நான் கொடுக்கும் வீட்டுப்பாடத்தோடு முடிக்கிறேன். ‘தலைக்குள் கத்தி’, ‘பெர்லின் மீது வானம்’, ‘வீழ்ச்சி’ மூன்றையும் இதே வரிசையில் பாருங்கள். ஒவ்வொன்றிலும் உங்களுக்குப் பிடித்த ஒரு காட்சியை ஒலியை நிறுத்திவிட்டு மறுபடி பாருங்கள். கான்ட்ஸ் எப்போது பேசத் தொடங்குகிறார் என்பதை விட்டுவிட்டு, பேச வேண்டும் என்ற தேவை அவர் உடம்பில் எந்த நொடியில் வருகிறது என்று கண்டுபிடியுங்கள். அந்த நொடியைக் கண்டுகொண்ட பிறகு உங்கள் வசனத்தாளை எடுங்கள். ஒவ்வொரு வரிக்கும் முன்னால், இதைச் சொல்லும்படி என்னை நெருக்குவது எது என்று பென்சிலால் எழுதுங்கள். எழுத எதுவும் தோன்றாத வரி உங்களுக்கு இன்னும் பாடமாகவில்லை என்று பொருள். திரும்ப மேசைக்குப் போய் உட்காருங்கள். கான்ட்ஸும் அவருடைய தோழர்களும் அங்கே உட்கார்ந்துதான் தங்கள் நடிப்பைக் கட்டினார்கள்.